சவப்பெட்டிக்குள் சர்க்கரை
வரைபடத்தில் வந்து போனவை – 9

சென்ற வாரம் ஹாலந்தில் நிறுத்தியிருந்தோம். தானே முடிசூட்டி உட்காரவைத்த தம்பி லூயி, ஆங்கிலச் சரக்கு கரையிறங்குவதைக் கண்டும் காணாமல் இருக்கிறான் என்று நெப்போலியனுக்குக் கோபம். 1810 ஜூலையில் தம்பி முடியைத் துறந்துவிட்டுக் கிளம்ப, அண்ணன் அந்த ராஜ்யத்தையே பிரான்ஸோடு சேர்த்துக்கொண்டார். டச்சுக் கரைக்குப் பூட்டு விழுந்தது. சரக்கு என்ன செய்யும்? அடுத்த வாசலைத் தேடியது. ஹாலந்துக்கு வடகிழக்கே எம்ஸ், வேசர், எல்பே என்று மூன்று ஆறுகள் வரிசையாக வட கடலில் விழுகின்றன. மூன்றுக்கும் அகன்ற முகத்துவாரம். மூன்றையும் வைத்துப் பிழைக்கும் துறைமுகங்கள். அவற்றில் பெரியது எல்பே ஆற்றங்கரை ஹாம்பர்க்.

1810 டிசம்பர் 13 அன்று பாரிஸ் செனட் ஒரு தீர்மானம் போட்டது. ஹாலந்தை இணைத்ததைச் சட்டப்படி உறுதி செய்ததோடு, ஹாம்பர்க், ப்ரேமன், லூபெக் என்ற மூன்று சுதந்திர வணிக நகரங்களும், ஹனோவரின் வடபகுதியும், ஓல்டன்பர்க் கோமகனின் நாடும், இடையில் கிடந்த சில்லறைப் பிரதேசங்களும் இனி பிரான்ஸ் என்றது. 1811 புத்தாண்டன்று விடிந்தபோது வட ஜெர்மனியில் மூன்று புதிய பிரெஞ்சு மாவட்டங்கள் இருந்தன. புரட்சிக் காலத்து வழக்கப்படி அவற்றுக்கு ஆறுகளின் பெயர் சூட்டப்பட்டது. ஆஸ்னாப்ரூக்கைத் தலைநகராகக் கொண்டது மேல் எம்ஸ் மாவட்டம். ப்ரேமனைச் சுற்றி வேசர் முகத்துவாரம். ஹாம்பர்க்கைச் சுற்றி எல்பே முகத்துவாரம். நம் கதை இந்தக் கடைசி மாவட்டத்தைப் பற்றியது. ஹாம்பர்க், லூபெக், லூனபெர்க், ஸ்டாடே என்று நான்கு கோட்டங்கள் அதில் இருந்தன. இவற்றையும் சேர்த்துப் பேரரசின் மாவட்டங்கள் 130 ஆயின. தெற்கே ரோம் நகரம் பிரான்ஸ், வடக்கே பால்டிக் கடலோரத்து லூபெக்கும் பிரான்ஸ்!

இணைத்ததற்குக் காரணம் சொல்ல வேண்டுமே? இங்கிலாந்தின் கடல் அட்டூழியத்துக்கு வேறு பதிலில்லை என்று பேரரசர் செனட்டுக்கு எழுதினார். கூடவே ஒரு இனிப்பும் வைத்தார். பால்டிக் கடலிலிருந்து பாரிஸின் சேன் ஆறு வரைக்கும் உள்நாட்டுக் கால்வாய் ஒன்று ஐந்தே ஆண்டுகளில் வெட்டி முடிக்கப்படும், கடலுக்குப் போகாமலே கப்பல் ஓட்டலாம். அந்தக் கால்வாய் வரவில்லை. பாரிஸிலிருந்து ஹாம்பர்க்குக்கு ஒரு நெடுஞ்சாலை மட்டும் வந்தது. வெசல், மூன்ஸ்டர், ஆஸ்னாப்ரூக், ப்ரேமன் வழியாகப் போட்ட அந்தச் சாலையில் பெரும்பாலும் பீரங்கிதான் போயிற்று.

ஓல்டன்பர்க்கை விழுங்கியதில் ஒரு முள்ளும் உள்ளே போனது. அந்தக் கோமகனின் மகன் ரஷ்யச் சக்கரவர்த்தி அலெக்சாந்தரின் தங்கையை மணந்தவர். 1807இல் டில்சிட்டில் போட்ட உடன்படிக்கையில் ஓல்டன்பர்க்கைத் தொடமாட்டேன் என்று நெப்போலியன் கையெழுத்திட்டிருந்தார். இணைப்பு அறிவிக்கப்பட்ட அதே டிசம்பர் முடிவதற்குள் ரஷ்யா பிரெஞ்சு ஆடம்பரப் பொருள்களின் மேல் கடும் வரி விதித்தது. 1812 படையெடுப்புக்கு வரலாற்றாசிரியர்கள் அடுக்கும் காரணங்களில் இந்தச் சின்னக் கோமகனின் நாடும் தவறாமல் இடம்பெறும்.

*

ஹாம்பர்க் எப்படிப்பட்ட ஊர்? அங்கே ராஜா கிடையாது, பிரபுக்களுக்கு மவுசு கிடையாது. வியாபாரிகளும் வழக்கறிஞர்களும் கூடிய செனட்தான் அரசாங்கம். 1619இல் தொடங்கிய ஹாம்பர்க் வங்கி ஐரோப்பாவில் பேர் பெற்றது. அங்கே கணக்கெல்லாம் மார்க் பாங்கோ என்ற அலகில் நடக்கும். அப்படி ஒரு நாணயம் யார் பையிலும் கிடையாது, பேரேட்டில் மட்டும்தான் உண்டு. அந்தப் பேரேட்டுக்குப் பின்னால் நிலவறையில் எடை போட்ட வெள்ளி இருக்கும். வியாபாரி ஒருவருக்கொருவர் பணம் கொடுப்பது இந்தப் பக்கம் எழுதியதை அந்தப் பக்கம் மாற்றி எழுதுவதோடு முடிந்துவிடும். இந்த வெள்ளியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

ஊரின் இன்னொரு பிழைப்பு சர்க்கரை. மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து பழுப்பாக வரும் கச்சாச் சர்க்கரையைக் காய்ச்சி வெளுத்து, ஜெர்மனி முழுவதற்கும் விற்கும் ஆலைகள் சந்துபொந்தெல்லாம் நூற்றுக்கணக்கில் இருந்தன. கப்பல் வராவிட்டால் அடுப்பு எரியாது.

கப்பல் நின்றது 1811இல் அல்ல. 1806 நவம்பர் 19 அன்றே மார்ஷல் மோர்த்தியேயின் படை ஊருக்குள் வந்துவிட்டது. இரண்டு நாள் கழித்து பெர்லினிலிருந்து நெப்போலியன் தமது புகழ்பெற்ற ஆணையைப் பிறப்பித்தார். இங்கிலாந்தோடு வியாபாரம் கூடாது, கடிதம் கூடாது, ஆங்கிலச் சரக்கு எங்கே கிடைத்தாலும் பறிமுதல். ஹாம்பர்க் கிடங்குகளில் அன்று இருந்த ஆங்கிலச் சரக்கை விட்டுவைக்க ஊர் வியாபாரிகள் 1 கோடியே 60 லட்சம் பிராங்க் கட்ட வேண்டியிருந்தது. காசு கொடுத்து வாங்கிய தம் சொந்தச் சரக்கையே இரண்டாவது முறை விலைக்கு வாங்கினார்கள்!

இதற்குப் பிறகு கடத்தல் ஊரின் தொழிலாயிற்று.

அதற்கு இடமும் வாகாக அமைந்தது. ஹாம்பர்க்கின் மேற்கு வாசலுக்கு வெளியே கூப்பிடு தூரத்தில் ஆல்டோனா. அது டென்மார்க் அரசருக்குச் சொந்தம். வேறு நாடு, வேறு சட்டம், வேறு வரி. கடலில், எல்பே முகத்துவாரத்துக்கு எதிரே ஹெலிகோலாண்ட் என்ற சிவப்புப் பாறைத் தீவு. 1807 செப்டம்பரில் அதை ஆங்கிலேயர் டென்மார்க்கிடமிருந்து பிடித்துக்கொண்டு கிடங்குகளாகக் கட்டித் தள்ளினார்கள். தீவிலிருந்து இரவில் படகு, கரையிலிருந்து வண்டி, ஆல்டோனாவிலிருந்து கால்நடை. ஆல்டோனா வாசலில் தினமும் ஆயிரக்கணக்கானோர் போய் வந்தார்கள். ஒல்லியாகப் போனவர்கள் திரும்பும்போது பருத்து வந்தார்கள். பாவாடை மடிப்பில் காப்பிக்கொட்டை, தொப்பிக்குள் சர்க்கரை. வேலை இழந்த ஆலைத் தொழிலாளிக்கும் அவர் பிள்ளைகளுக்கும் அன்றைய சோறு அதில்தான்.

இந்தக் காலத்தில் பிரான்ஸின் தூதராக ஹாம்பர்க்கில் இருந்தவர் பூரியேன். நெப்போலியனோடு ராணுவப் பள்ளியில் ஒன்றாகப் படித்தவர், பிறகு அவருடைய அந்தரங்கச் செயலாளர், பணவிஷயத்தில் கை சுத்தமில்லை என்று அந்த வேலையை இழந்தவர். ஹாம்பர்க்கிலும் அவர் கை சும்மா இருக்கவில்லை என்றே பாரிஸ் முடிவு கட்டியது. பிற்காலத்தில் அவர் பேரில் வந்த நினைவுக்குறிப்புகளை அப்படியே நம்பக் கூடாது என்பது வரலாற்று மாணவர்கள் அறிந்த பாடம். ஆனால் கடத்தலைப் பற்றி அவர் சொல்வதைத் தள்ளவும் மனம் வருவதில்லை. திருடனுக்குக் கூட்டாளியே சாட்சி சொல்கிற மாதிரி இருக்கும்.

அவர் சொல்லும் கதைகளில் இரண்டு. ஹாம்பர்க்குக்கும் ஆல்டோனாவுக்கும் நடுவே சாலையோரம் மணல் குழிகள் இருந்தன. ஊருக்குள் கட்டட வேலைக்கும் தெரு வேலைக்கும் மணல் அங்கிருந்துதான் வண்டியில் வரும். ஒரு நாள் இரவில் குழிகளில் பழுப்புச் சர்க்கரையைக் கொட்டி மேலே விரற்கடை மணலைத் தூவிவிட்டார்கள். காலையில் மணல் வண்டிகள் வழக்கம்போல் சுங்கக்காரரைத் தாண்டிப் போயின. நாள்கணக்கில் இது நடந்தது. எந்தத் தெருவும் செப்பனிடப்படாததைக் கண்ட பிறகுதான் சுங்கக்காரருக்கு மண்டையில் உறைத்ததாம்.

குழிகள் மாட்டிக்கொண்டதும் சாவு அதிகமாயிற்று. வாசலுக்கு வெளியே இருந்த புறநகர்ப் பகுதியில் திடீரென்று தினந்தோறும் இறுதி ஊர்வலம். கறுப்புத் துணி போர்த்திய வண்டி, பின்னால் தலை கவிழ்ந்த கூட்டம். மரியாதைக்காகச் சுங்கக்காரர் சில நாள் ஒதுங்கி நின்றார்கள். பிறகு ஒரு வண்டியை நிறுத்திப் பெட்டியைத் திறந்தால், உள்ளே சர்க்கரை, காப்பி, வெனிலா, அவுரி. ஒரு மாவட்டமே உருவாவதற்கு முந்தைய நிலைமை இது. இதையெல்லாம் தூதரையும் உளவாளியையும் வைத்து அடக்க முடியாது, ஊரையே பிரான்ஸாக்கினால்தான் முடியும் என்ற முடிவுக்கு நெப்போலியன் வந்ததில் வியப்பில்லை.

பூரியேனின் இன்னொரு செய்தி இதைவிடச் சுவை. 1807 குளிர்காலத்தில் போலந்துப் பக்கம் போரிட்டுக்கொண்டிருந்த பிரெஞ்சுப் படைக்கு ஐம்பதாயிரம் மேலங்கிகளும் லட்சக்கணக்கில் காலணிகளும் ஹாம்பர்க்கிலிருந்து அனுப்பச் சொல்லி ஆணை வந்தது. அவ்வளவு துணியும் தோலும் குறித்த நாளுக்குள் ஒரே ஒரு நாட்டில்தான் கிடைக்கும். பூரியேன் இங்கிலாந்திலிருந்தே வரவழைத்தார். இங்கிலாந்தோடு பேசக்கூடாது என்று ஆணை போட்டவரின் சிப்பாய்கள் ஆங்கிலக் கம்பளியைப் போர்த்திக்கொண்டு பனியில் நடந்தார்கள் என்கிறார்.

*

1811இல் வந்த நிர்வாகம் இந்தக் கூத்துக்கெல்லாம் முடிவு கட்ட வந்தது. வந்தவர்கள் பூரியேன் மாதிரி ஆட்கள் அல்லர். மூன்று மாவட்டங்களுக்கும் மேல் தலைமை ஆளுநர், மார்ஷல் டாவூ. 1806இல் ஆவர்ஷ்டெட் போர்க்களத்தில் தம்மைவிட இரண்டு மடங்குப் பிரஷ்யப் படையைத் தோற்கடித்தவர். வழுக்கைத் தலை, மூக்குக்கண்ணாடி, சிரிக்காத முகம். லஞ்சம் வாங்கமாட்டார், வாங்குகிறவரை விடவும் மாட்டார். ஹாம்பர்க்காருக்கு இதுவே பெரிய துன்பமாகப் போயிற்று. லஞ்சம் வாங்கும் அதிகாரியோடு அவர்களால் ஐந்து வருஷம் குடித்தனம் நடத்த முடிந்தது. டாவூவோடு முடியவில்லை.

மாவட்ட ஆட்சியராக பிளாண்டர்ஸ் நாட்டவரான டி கோனிங்க் வந்தார். பேரரசு விழுந்த பிறகு நெதர்லாந்து மன்னரிடம் அமைச்சராக இருந்தவர். நீதிமன்றத் தலைவர் எர்க்யூல் டி செர், பிற்காலத்தில் பிரான்ஸின் நீதி அமைச்சர். ஊருக்கு மேயர் உள்ளூர்க்காரர்தான், அமண்டுஸ் அபென்ட்ரோத் என்ற வழக்கறிஞர், பழைய செனட் உறுப்பினர். ஆட்களைப் பொறுக்குவதில் நெப்போலியன் தவறு செய்யவில்லை என்று இந்தப் பட்டியலைப் பார்த்தாலே தெரியும்.

அவர்கள் செய்த வேலையும் சாதாரணமல்ல. நூற்றாண்டுகளாக ஒருவர் மேல் ஒருவர் ஏறிக் கிடந்த உள்ளூர்ச் சட்டங்களின் இடத்தில் நெப்போலியனின் குடிமைச் சட்டம் வந்தது. பிறப்பு, இறப்பு, திருமணம் எல்லாம் அதுவரை தேவாலயப் பதிவேட்டில் இருந்தன. இனி நகராட்சி அலுவலகத்தில், எந்த மதமானாலும் ஒரே பதிவேட்டில். நீதிபதி வேறு, நிர்வாகி வேறு என்றாயிற்று. கைத்தொழில் சங்கத்தில் இடம் கிடைக்காதவனும் கடை போடலாம் என்றாயிற்று. ஊரில் பல தலைமுறைகளாக வாழ்ந்தும் குடியுரிமை இல்லாதிருந்த யூதர்கள், ஒரே கையெழுத்தில் மற்றவருக்குச் சமமான குடிமக்கள் ஆனார்கள். வணிக வழக்குகளுக்கு வியாபாரிகளே நீதிபதிகளாக உட்காரும் தனி நீதிமன்றம் வந்தது. நாற்பது ஆண்டு வாதாடியும் நடக்காத சீர்திருத்தங்கள் இரண்டு வருஷத்தில் நடந்தன.

ஆனால் இந்த மாவட்டம் பிறந்தது அதற்காக அல்லவே. ஆற்றின் வாயை அடைப்பதற்காகப் பிறந்தது. நிர்வாகத்தின் நல்ல காரியங்கள் கோப்பில் இருந்தன, சுங்கக்காரன் வாசலில் இருந்தான். ஒரு ஹாம்பர்க்வாசி மேயரை வருஷத்துக்கு ஒரு முறை பார்ப்பார், சுங்கக்காரனை தினம் இரண்டு முறை பார்ப்பார். கடத்தல் வழக்குகளுக்கு மட்டும் தனி நீதிமன்றம், அங்கே கருணைக்கு இடமில்லை. புகையிலை அரசின் ஏகபோகம். ஊரின் பெரிய பத்திரிகை மாவட்டத்தின் பெயரைத் தாங்கிக்கொண்டு, ஒரு பக்கம் பிரெஞ்சும் ஒரு பக்கம் ஜெர்மனுமாக, தணிக்கையைத் தாண்டி வெளிவந்தது. அதில் படிக்க ஒன்றும் இருக்காது. துறைமுகத்தில் கப்பல்கள் பாய்மரம் கழற்றிக் கிடந்தன. சர்க்கரை ஆலைகள் ஒவ்வொன்றாக மூடின.

பிறகு கட்டாயப் படைச்சேர்ப்பு. கப்பலும் கணக்குமாக வாழ்ந்த ஊருக்கு இது புதிது. இந்த மாவட்டங்களின் இளைஞர்களைக் கொண்டு 127, 128, 129 என்று மூன்று காலாட்படைப் பிரிவுகள் அமைந்தன. 1812இல் அவை ரஷ்யாவுக்குப் போயின. திரும்பியவர் சொற்பம்.

*

1813 பிப்ரவரியில் ரஷ்யாவில் பேரரசரின் படை அழிந்த செய்தி ஊரில் பரவிவிட்டது. பிப்ரவரி 24 அன்று ஆல்டோனா வாசலில் சுங்கக்காரருக்கும் வந்தவர்களுக்கும் இடையே கைகலப்பு. அதே நாளில் துறைமுகத்தில் புதிதாகச் சேர்த்த இளைஞர்களைப் படகில் ஏற்றுவதைக் கூட்டம் மறித்தது. சுங்கச்சாவடிகளை உடைத்தார்கள், கழுகுச் சின்னங்களைப் பிடுங்கி எறிந்தார்கள். அடக்கப் போதிய சிப்பாய்கள் இல்லாததால் ஆல்டோனாவிலிருந்து டென்மார்க் குதிரைப்படையைக் கடன் கேட்க வேண்டியதாயிற்று! சில நாள் கழித்து, கலகக்காரர் என்று ஆறு பேரைப் பிடித்து, பேருக்கு ஒரு விசாரணை நடத்திச் சுட்டார்கள். மார்ச் 12 அன்று பிரெஞ்சுக்காரர் ஊரைக் காலி செய்தனர்.

ஆறே நாளில் ரஷ்யச் சேவையில் இருந்த கர்னல் டெட்டன்போர்ன் சுமார் ஆயிரத்தைந்நூறு கோசாக் குதிரை வீரர்களோடு நுழைந்தார். ஊர் கொண்டாடிய கொண்டாட்டத்தைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். செனட் திரும்பியது. ஊர்க்காவல் படை ஒன்றும், ஹான்சா படையணி ஒன்றும் எழுந்தன. புத்தக வியாபாரி ஃப்ரீட்ரிக் பெர்தெஸ் போன்றவர்கள் இரவு பகலாக ஓடினார்கள். மாவட்டத்தின் தென்கோடி லூனபெர்க்கில், ஏப்ரல் 2 அன்று நடந்த சண்டையில் யோஹான்னா ஸ்டேகன் என்ற வேலைக்காரப் பெண் கொட்டிக் கிடந்த தோட்டாக்களை முந்தானையில் அள்ளி பிரஷ்யச் சிப்பாய்களுக்குக் கொண்டுபோய்க் கொடுத்து, ஜெர்மன் பாடப்புத்தகங்களில் நிரந்தரமாக இடம் பிடித்தாள்.

கோசாக் குதிரைகளை வைத்துக்கொண்டு ஒரு பெரிய நகரத்தைக் காக்க முடியாது. ஸ்வீடன் படையின் உதவி நிலைக்கவில்லை. முதலில் ஹாம்பர்க் பக்கம் சாய்ந்த டென்மார்க், மே மாதக் கடைசியில் பிரெஞ்சுப் பக்கம் போய்விட்டது. டெட்டன்போர்ன் இரவோடு இரவாக வெளியேறினார். மே 31 அன்று டாவூ திரும்பி வந்தார். மாவட்டம் மறுபடியும் உயிர் பெற்றது, அரசியல் சட்டப் பாதுகாப்பு எதுவும் இல்லாமல்.

பேரரசரின் உத்தரவு கடுமையாக இருந்தது. செனட்டில் உட்கார்ந்தவர்களைச் சிறைப்பிடிக்க வேண்டும், முக்கியமான சிலரைச் சுட வேண்டும், பணக்காரர்களின் சொத்தைப் பறிக்க வேண்டும். டாவூ யாரையும் சுடவில்லை. தேடப்பட்டவர்கள் தப்பிப் போவதற்குப் போதிய அவகாசம் கிடைத்தது என்பதும், அது தற்செயல் இல்லை என்பதும் என் எண்ணம். பெர்தெஸ் போன்ற சிலரை மட்டும் மன்னிப்பிலிருந்து விலக்கினார்கள், அவர்கள் அப்போதே எல்லை தாண்டியிருந்தனர். மற்றவர்களுக்குத் தண்டனை பணத்தில் வந்தது. 4 கோடியே 80 லட்சம் பிராங்க் அபராதம். பிழைப்பே இல்லாமல் ஏழு வருஷம் கிடந்த ஊர் அதை எங்கே போய்ப் புரட்டும்? தவணைகள் நின்றன. நவம்பர் முதல் வாரத்தில் டாவூவின் ஆட்கள் ஹாம்பர்க் வங்கியின் நிலவறையைப் பூட்டி முத்திரை வைத்தார்கள்.

இப்போது அந்த வெள்ளி. ஏறத்தாழ 75 லட்சம் மார்க் பாங்கோ பெறுமானம். நகராட்சிக்கோ செனட்டுக்கோ சொந்தமான பணம் இல்லை அது, தனி வியாபாரிகள் நம்பி ஒப்படைத்தது. பேரேட்டில் எண்கள் அப்படியே இருக்க, அவற்றுக்குப் பின்னால் இருந்த உலோகம் மாயமாயிற்று. வெள்ளியின் ஒரு பகுதியை ஊர் நாணயச்சாலையிலேயே 32 ஷில்லிங் நாணயங்களாக அடித்து, 1809 என்ற பழைய ஆண்டைப் பொறித்து, படைக்குச் சம்பளம் கொடுத்தார்கள். டாவூ ஒரு காசு தம் பைக்குள் போட்டுக்கொள்ளவில்லை, கணக்கு ஒழுங்காக எழுதப்பட்டது. கொள்ளையடித்தவன் ரசீது கொடுத்துவிட்டுப் போனான் என்பதில் பறிகொடுத்தவனுக்கு ஆறுதல் ஏது?

*

அக்டோபரில் லைப்சிக்கில் நெப்போலியன் தோற்று ரைன் ஆற்றுக்குப் பின்வாங்கியதும், ஹாம்பர்க் பேரரசிலிருந்து துண்டிக்கப்பட்ட தீவாயிற்று. டாவூ அதைக் கோட்டையாக்கினார். வியாபார ஊர் என்பது மறந்தே போயிற்று. தென்கரை ஹார்பர்க்கையும் ஹாம்பர்க்கையும் இணைக்க, இடையிலிருந்த வில்ஹெல்ம்ஸ்பர்க் தீவின் குறுக்கே மைல் கணக்கில் மரப்பாலம் ஒன்று மூன்றே மாதத்துக்குள் எழுந்தது. அன்றைய பொறியியலில் அது ஓர் அதிசயம், போர் முடிந்த சில ஆண்டுகளில் இருந்த இடம் தெரியாமல் போயிற்று. ஊரின் ஐந்து பெரிய தேவாலயங்களில் மிக்கேல் தேவாலயத்தைத் தவிர மற்ற நான்கும் குதிரை லாயமாயின. சுவருக்கு வெளியே எதிரி ஒளிந்துகொள்ள இடம் இருக்கக்கூடாது என்பதற்காகப் புறநகர்களைக் கொளுத்தினார்கள். சர்க்கரைச் சவப்பெட்டிகள் புறப்பட்ட அந்த மேற்குப் புறநகர், இன்று சாங்க்ட் பவுலி என்று உல்லாசத்துக்குப் பேர்போன பகுதி, 1814 ஜனவரியில் முழுதாக எரிந்தது.

அதற்கு முன்னால் டிசம்பர். ஆறு மாதத்துக்கான உணவைச் சேமித்து வைக்காதவர்கள் ஊரைவிட்டு வெளியேற வேண்டும் என்று உத்தரவு. முற்றுகையில் சிக்கப்போகும் கோட்டைக்கு அன்றைய ராணுவ விதி அதுதான், எச்சரிக்கையும் முன்கூட்டியே கொடுக்கப்பட்டது. ஆனால் ஆறு மாதத்துக்கு அரிசியும் மாவும் வாங்கி வைக்கிற ஏழை எந்த ஊரில் இருக்கிறான்? கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு ராணுவத்தார் வீடு வீடாகப் போனார்கள். படுக்கையிலிருந்து எழுப்பியவர்களை பேதுரு தேவாலயத்துக்குள் அடைத்து வைத்து, விடிந்ததும் வாசலுக்கு வெளியே விட்டார்கள். நோயாளி, கிழவி, கைக்குழந்தை என்ற கணக்கில்லை. அந்த வருஷக் குளிர் கொடிய குளிர். அந்தக் குளிர்காலத்தில் இப்படி வெளியேற்றப்பட்டவர்கள் இருபதாயிரத்துக்கும் மேல்.

பெரும்பாலோர் ஆல்டோனாவுக்கு நடந்தார்கள், சிலர் லூபெக்குக்கும் ப்ரேமனுக்கும். ஆல்டோனாவின் தலைமை அதிகாரி கான்ராட் பிளூகர் அவர்களுக்கு இடமும் கஞ்சியும் ஏற்பாடு செய்தார். பாதுகாப்புக் கருதி ஆல்டோனாவையும் டாவூ எரித்துவிடுவாரோ என்ற அச்சம் இருந்தபோது நேரில் போய்ப் பேசித் தடுத்தவரும் அவரே. ஆனாலும் குளிரும் விஷக்காய்ச்சலும் விடவில்லை. பக்கத்து ஓட்டன்சென் கிராமத்தில் 1,138 ஹாம்பர்க்வாசிகளைப் புதைத்தார்கள். அந்த எண்ணைப் பொறித்த நினைவுச்சின்னத்தைப் பின்னாளில் ஹாம்பர்க்குக்கே மாற்றிக் கொண்டுவந்தனர், இப்போதும் ஊரின் பெரிய பூங்காப் பகுதியில் இருக்கிறது. ஃப்ரீட்ரிக் ரூக்கெர்ட் அந்தக் கல்லறைகளைப் பற்றி எழுதிய கவிதை ஒரு நூற்றாண்டு ஜெர்மன் பள்ளிகளில் ஒலித்தது.

டாவூவுக்காக வாதாடுகிறவர்கள் பிரான்ஸில் இன்றும் உண்டு. ஒரு தளபதியாகப் பார்த்தால் அவர் வாதம் வலுவானதுதான். ரஷ்யத் தளபதி பென்னிக்சன் மாதக்கணக்கில் முட்டியும், பிப்ரவரியில் உறைந்துபோன எல்பேயின் மேலேயே நடந்து வந்து வில்ஹெல்ம்ஸ்பர்க்கைத் தாக்கியும், ஊரைப் பிடிக்க முடியவில்லை. நெப்போலியனின் தளபதிகளில் தோற்காமல் கடைசிவரை நின்றவர் இவர். ஆனால் யாருக்காக நின்றார் என்று கேட்டால் பதில் சிக்கலாகிவிடும். காகிதத்தில் அந்த இருபதாயிரம் பேரும் பிரெஞ்சுக் குடிமக்கள். தம் சொந்த மாவட்டத்து மக்களைத்தான் அவர் பனியில் விட்டார்.

1814 ஏப்ரலில் நெப்போலியன் முடி துறந்தார். பென்னிக்சன் செய்தி அனுப்பினார், டாவூ நம்பவில்லை. பூர்போன் மன்னரின் வெள்ளைக் கொடியைக் காட்டிய எதிரி முகாமின் மேல் சுடச் சொன்னார். ஏப்ரல் கடைசியில்தான் செய்தி உறுதியாகி, படை பதினெட்டாம் லூயிக்கு விசுவாசப் பிரமாணம் எடுத்தது. மே மாதத்தில் ஜெனரல் ஜெரார் வந்து பொறுப்பை வாங்கிக்கொள்ள, மாதக் கடைசிக்குள் பிரெஞ்சுக்காரர்கள் ஆயுதங்களோடு வெளியேறி முடித்தனர். மே 31 அன்று பென்னிக்சன் உள்ளே வந்தார். நடுவில் போன பதினொரு வாரத்தைக் கழித்தால் மாவட்டத்தின் ஆயுள் மூன்றேகால் வருஷம்கூட இல்லை.

*

திரும்பி வந்த செனட், 1712ஆம் ஆண்டு அரசமைப்பைத் தூசி தட்டி எடுத்து மேசைமேல் வைத்தது. குடிமைச் சட்டம் போயிற்று. நகராட்சிப் பதிவேடு போயிற்று. நீதியும் நிர்வாகமும் மறுபடி ஒரே நாற்காலியில் உட்கார்ந்தன, 1860 வரை. கைத்தொழில் சங்கங்கள் பழைய பூட்டைப் போட்டுக்கொண்டன. யூதர்களிடம் கொடுத்த குடியுரிமையைப் பிடுங்கினார்கள். ஊர்க்காவல் படையில் சேர்ந்து அந்த மக்களும் பிரெஞ்சுக்காரரை எதிர்த்து நின்றிருந்தார்கள், அது எடுபடவில்லை. இழந்ததைத் திரும்பப் பெற அவர்கள் 1849 வரைக்கும் காத்திருக்க நேர்ந்தது. சுங்கக்காரன் மேல் இருந்த கோபத்தையெல்லாம் பதிவேட்டின் மேல் காட்டினார்கள் என்றே எனக்குத் தோன்றுகிறது.

இதை அன்றே எடுத்துச் சொன்னவர் ஒருவர் உண்டு, பழைய மேயர் அபென்ட்ரோத். ஊரின் மறுபிறப்புக்கான தம் விருப்பங்கள் என்று 1814இல் ஒரு சிறுநூல் எழுதி கீல் நகரில் அச்சிட்டார். பிரெஞ்சுக்காரர் போனது நல்லது, அவர்கள் கொண்டுவந்ததில் நல்லது எது என்று பார்த்து வைத்துக்கொள்வோம் என்பது அதன் சாரம். பெரும்பாலான யோசனைகளைச் செனட் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அவரை மட்டும் ஒதுக்கவில்லை. அந்நியனிடம் மேயராக இருந்தவர் என்ற பழி நிற்கவில்லை, 1831இல் அதே ஊர் அவரைத் தன் பெருமேயராக்கியது.

வங்கி வெள்ளிக்காகப் பிரான்ஸோடு இரண்டு வருஷம் பேரம் நடந்து, 1816இல் ஒரு பகுதி ஈடு கிடைத்தது. டாவூ தம் செயல்களை விளக்கி மன்னருக்கு ஒரு நீண்ட விண்ணப்பம் எழுதி அச்சிட்டார். மன்னர் மனம் இளகவில்லை. 1815 மார்ச்சில் எல்பா தீவிலிருந்து நெப்போலியன் திரும்பியதும் அவரைப் போர் அமைச்சராக்கினார்.

பிரெஞ்சு ஏற்பாடுகளில் ஒன்று மட்டும் தப்பியது. வியாபாரிகளே நீதிபதிகளாக உட்கார்ந்த வணிக நீதிமன்றம். வழக்குகள் சட்டென்று முடிந்தன, செலவு குறைவு, விசாரணை வாய்மொழியாகப் பகிரங்கமாக நடந்தது. பிடிக்காதவன் கொண்டுவந்தது என்பதற்காக இதையும் விட்டுவிட ஹாம்பர்க் வியாபாரிகளுக்கு மனம் வரவில்லை. பெயரை ஜெர்மனில் மாற்றி 1816இல் தங்கள் சொந்த நீதிமன்றமாகத் திறந்துகொண்டார்கள்.

வடக்கே ஆற்று வாயை அடைக்க மாவட்டம் போட்ட அதே நெப்போலியன், தெற்கே ஆட்ரியாடிக் கரையில் ஒரு வழியைத் திறப்பதற்காக மாகாணம் போட்டார். கடல் வழியாக வர முடியாத துருக்கியப் பருத்தி, போஸ்னிய மலைகளின் வழியே கோவேறுக் கழுதைகளின் முதுகில் அங்கே வந்து இறங்கியது. லுப்லியானாவைத் தலைநகராகக் கொண்ட அந்த இல்லிரிய மாகாணங்கள் அடுத்த வாரம்.

(தொடரும்)